தூதுக்குப் பத்து விழுக்காடு

பர்பேங்கில், மெத்தைக் கடைக்கு மேல் மாடியில்
பேசாமலிருப்பது என் வேலை.
நைஜல் ஓல்ட்ராய்ட் பேசும் ஒவ்வோர் அழைப்பிலும்
காதில் கருவியை மாட்டிக்கொண்டு
மூச்சுச் சத்தம் வராமல் நானும் இருப்பேன்.
தேதி, தொகை, யார் யாருக்கு என்ன வாக்குக் கொடுத்தார்கள்
குறித்துக்கொள்ள ஓர் ஆள் வேண்டும். இந்த ஊர் வழக்கம்.

பதினொன்று பத்துக்கு நடிகர் தேர்வுக்காரி சொல்கிறாள்:
"வேண்டாம். கழுத்து தொங்கிப்போச்சு அவருக்கு."
பதினொன்று பதினான்குக்கு
அந்தக் கழுத்தின் சொந்தக்காரரை அழைக்கிறார் நைஜல்:
"டெனிஸ், அந்தப் பாத்திரத்தையே வெட்டிவிட்டார்கள்.
இரண்டாம் பாதியில் அவனுக்கு வேலையே இல்லையாம்.
நல்லவேளை, தப்பித்தாய்."
நடுவே இருந்த நான்கு நிமிடத்தில்
ஒரு கோப்பைத் தேநீர், முதலில் பால்;
வசனம் ஒன்று அமைந்துவிட்ட முகம்.

எழுத்தாளராகத்தான் வந்தாராம்.
ஹடர்ஸ்ஃபீல்டிலிருந்து, எழுபத்தொன்பதில், மூன்று வாரத்துக்கு.
நீர்மூழ்கிக் கப்பல் படம். மாலுமிகளை
ஆங்கிலேயர் மாதிரிப் பேசவைக்க வேண்டும்.
கப்பல் கரையேறிவிட்டது, படம் மூழ்கியது.
ஊர் திரும்பும் பயணச்சீட்டை விற்று வாடகை கட்டினார்.
பிறகு ஏழு திரைக்கதைகள். எடுத்தது இரண்டு.
அதிலும் ஒன்றில் அவர் பெயர்
ஜெனரேட்டர் வண்டி ஓட்டியவருக்குக் கீழே,
ஓர் எழுத்துக் குறைவாக.

அடுத்த அறையில் பாஸ்கோ என்றொரு நடிகர்.
கத்திச் சண்டையில் சூரர், காசு கேட்க வாய் வராது.
தாளில் வசனம் எழுதிக் கொடுத்தார் நைஜல்:
முன்னூற்றைம்பதுக்குக் கீழே என்றால் வருவதற்கில்லை.
பாஸ்கோ தாளைப் பார்த்தார், போனைப் பார்த்தார், வியர்த்தார்.
பிடுங்கித் தானே பேசினார் நைஜல்.
நானூற்று இருபது.
அவர் பங்கு நாற்பத்திரண்டு டாலர்.
"என் வசனத்தை ஒருவரும் திருத்தாத முதல் நாள்" என்பார்.
கம்பெனிக்கு பாஸ்கோ பெயரையே வைத்தார்.

ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் என்கிற
மொழியில் பிறந்தவள், எனக்கு எண்ணத் தெரியும்.
போன வருடம் ஆயிரத்துக்கு இருபது குறைவு,
கல்யாணம் முப்பத்தொன்று.

கிளியை, அன்னத்தை, மேகத்தை, தம் நெஞ்சைக்கூடத்
தூது விட்டார்கள் எங்கள் புலவர்கள்.
போ, சொல், மாலை வாங்கி வா என்பதோடு பாட்டு முடிந்துவிடும்.
மாலை கிடைக்காத கிளி
திரும்பி வந்து என்ன சொல்லிச் சமாளித்தது?
ஒருவரும் பாடவில்லை.
என்னிடம் பதினான்கு நோட்டுகள் இருக்கின்றன.

மார்ச்சில் ஒரு வியாழன், நாலு மணி.
இளம் குரல், புதிய நிறுவனம்:
"கிடங்கில் பழைய திரைக்கதை ஒன்று கிடைத்தது. எண்பத்துநாலு.
எழுதியவர் யாரோ ஓல்ட்ராய்ட்.
நீங்கள்தான் அவருக்கு முகவர் என்றார்கள்.
ஆள் இருக்கிறாரா?"
"கேட்டுச் சொல்கிறேன்" என்றார் நைஜல்.

தேநீர் போடவில்லை.
கீழே யாரோ மெத்தைமேல் குதித்துப் பார்க்கும் சத்தம்.
நாலு ஒன்பதுக்கு அழைத்தார்.
"இருக்கிறார். விற்கவும் சம்மதம். ஒரு வரியும் மாற்றக்கூடாதாம்."
"ஐயோ, எல்லாமே மாறும் சார். தலைப்பு மட்டும்தான் வேண்டும்.
அதுவும் பாதி."
"அப்படியா" என்றார்.
நன்றி சொன்னார். குரலில் ஒரு குறையும் இல்லை.

எங்கள் முறைப்படி அடுத்த அழைப்பு
வேண்டாமென்று சொல்லப்பட்டவருக்குப் போக வேண்டும்.
ரிசீவரை எடுத்தார்.
எண் எதையும் அழுத்தவில்லை.
என் காதில் வெறும் இரைச்சல், நீளமாக.
அவர் வைக்கவில்லை, நானும் வைக்கவில்லை.

நோட்டில் ஒரு வரி காலியாக விடக்கூடாது.
நேரம்: நாலு பதின்மூன்று. தொகை: கோடு.
சொன்னது என்ன என்ற கட்டத்தில்
என் கையெழுத்தில் எழுதினேன்:
அந்தப் பாத்திரத்தையே வெட்டிவிட்டார்கள்.